லேடி வினிஃப்ரெட் எழுதாத ஆண்டுகள்

மாட்டுங்கா
11 ஜூன் 2024, செவ்வாய்

நூரு,

நலம், நலமறிய ஆவல் என்றெல்லாம் ஆரம்பிக்க மாட்டேன். எனக்கு ஆவல் இருக்கிறது என்று தெரிந்தால் நீ தலைமேல் ஏறி உட்கார்ந்துகொள்வாய்.

இன்றைக்கும் நீ வரவில்லை. போன் செய்தால் எடுப்பதில்லை. வாட்ஸ்அப்பில் நீலக் கோடு விழுகிறது, பதில் விழுவதில்லை. அதனால் பேனாவை எடுத்துவிட்டேன். கிங்ஸ் சர்க்கிளில் ஏறி வடாலாவில் வண்டி மாறினால் கோவண்டி. அந்தத் தூரத்துக்குத் தபால்தலை ஒட்டிக் கடிதம் எழுதுகிற பைத்தியம் இந்த மும்பையில் நான் ஒருத்தியாகத்தான் இருப்பேன்.

உன் கோபம் நம் புத்தகத்தின் கடைசி அத்தியாயத்தைப் பற்றியது என்று எனக்குத் தெரியும். உனக்கு நம் ஒப்பந்தம் மறந்துபோயிருக்கும் போலிருக்கிறது, அதனால் மறுபடி சொல்கிறேன். லேடி வினிஃப்ரெட் ஆஷ்கோமின் வாழ்வு என் பங்கு, படைப்பு உன் பங்கு. அவள் எந்தப் பிரபுவுக்கு மகளாகப் பிறந்தாள், எந்தக் குதிரைப் பைத்தியத்துக்கு வாழ்க்கைப்பட்டாள், எந்த மாளிகையில் குளிரில் நடுங்கினாள் என்பதை நான் எழுத வேண்டும். அவளுடைய ஏழு நாவல்களைப் பற்றி நீ எழுத வேண்டும். நடைபாதைக் கடையில் அவளுடைய ‘ஈரக் கையுறைகள்’ அட்டை கிழிந்து கிடைத்த நாளிலிருந்து இப்படித்தானே ஓடிக்கொண்டிருக்கிறது?

ஆறாவது நாவலுக்கும் ஏழாவதுக்கும் நடுவில் பதினோரு ஆண்டுகள் அவள் ஒரு வரி எழுதவில்லை. எழுதாத ஆண்டுகள் யார் பங்கு? புத்தகம் இல்லை, ஆகவே படைப்பு இல்லை. படைப்பு இல்லையென்றால் அது வாழ்வு. வாழ்வு என் பங்கு. இதில் என்ன தகராறு? நீ உன்பாட்டுக்கு ஓர் அத்தியாயம் எழுதிக்கொண்டு வந்தாய். நானும் எழுதியிருந்தேன். கணவன் தடுத்தான், அவள் நிறுத்தினாள், அவன் செத்தான், அவள் மறுபடி எழுதினாள் என்று என்னுடையதில் எல்லாம் ஒழுங்காக இருந்தது. அதைச் சென்னைக்கு, பதிப்பகத்துக்கு அனுப்பினேன். உன்னிடம் சொல்லிவிட்டு அனுப்பியிருக்கலாம். சரி, சொல்லவில்லை. அதற்காக இத்தனை நாள் முகத்தைத் தூக்கி வைத்துக்கொள்வார்களா?

வீட்டு வேலைக்கு வரும் மாரீஸ்வரி ஒவ்வொரு செவ்வாயும் இரண்டு தம்ளர் எடுத்து வைத்துவிட்டுக் கேட்கிறாள், “டீச்சரம்மாவுக்கு ஒடம்புக்கு முடியலையா மாமி?” உனக்கு ஜுரம் என்று சொல்லி வைத்திருக்கிறேன். அடுத்த செவ்வாய்க்குள் உன் ஜுரம் இறங்கியாக வேண்டும்.

சுப்புலக்ஷ்மி


கோவண்டி
19 ஜூன் 2024

அன்புள்ள சுப்பக்காவுக்கு,

பெருநாள் வேலையில் உடனே பதில் எழுத முடியவில்லை என்று சொல்லலாம். அது பொய். கடிதம் வந்த அன்றே எழுதினேன், கிழித்துப் போட்டேன். மறுபடி எழுதினேன், அதையும் கிழித்தேன். போனில் பேசலாமே என்று நீங்கள் கேட்பீர்கள். பேசினால் அழுதுவிடுவேன். உங்களுக்கு அழுகிறவர்களைப் பிடிக்காது.

எனக்கு ஜுரம் இல்லை. மாரீஸ்வரியிடம் சொல்லிவிடுங்கள்.

என் கோபம் அத்தியாயத்தைப் பற்றியது இல்லை, அக்கா. சயான் அரங்கத்தில் நடந்த பெண்கள் விழாவை நினைத்துப் பாருங்கள். நம் புத்தகம் வரப்போகிறது என்று அறிவிக்க உங்களை மேடைக்குக் கூப்பிட்டார்கள். நீங்கள் என் கையையும் பிடித்து இழுத்துக்கொண்டு போனீர்கள். எனக்கு எவ்வளவு சந்தோஷமாக இருந்தது என்று சொல்ல முடியாது. பிறகு மைக்கில் சொன்னீர்கள்: “இவங்க நூர் நிஷா. தாராவி ஸ்கூல்ல டீச்சரா இருந்தவங்க. எழுதறதுல எனக்கு ஒத்தாசை.”

கைதட்டினார்கள். நானும் சிரித்துக்கொண்டுதான் நின்றேன். வீட்டுக்கு வந்து புர்காவைக் கழற்றும்போதுதான் உறைத்தது.

சீமாட்டியின் ஆறாவது நாவலுக்கு முன்னுரை இருக்கிறதே, அதில் கடைசி வரி உங்களுக்கு நினைவிருக்கும். ‘படியெடுப்பதில் ஒத்தாசையாக இருந்த மிஸ் ஹேரியட் பெல்லுக்கு என் நன்றி.’ மிஸ் பெல் அந்த ஊர்ப் பள்ளிக்கூடத்து டீச்சர். சீமாட்டி எழுதிய ஒவ்வொரு பக்கத்தையும் முதலில் கேட்டவர் அவர்தான் என்று நீங்களே ‘வாழ்வு’ப் பகுதியில் எழுதியிருக்கிறீர்கள். அந்த வரியை நாம் தமிழில் வைத்தபோது ‘ஒத்தாசை’ என்ற சொல்லை எடுத்துக் கொடுத்தவள் நான். நீங்கள் மேஜையைத் தட்டி, “இதுதாண்டி வார்த்தை! பெரிய மனுஷா வேலைக்காராளைச் சொல்ற மாதிரி என்ன ஒரு அலட்சியம் பாரு அதுல!” என்றீர்கள்.

அந்த முன்னுரை அச்சான அடுத்த வருடம் மிஸ் பெல் ஊரைவிட்டுப் போய்விட்டார். அதற்குப் பிறகுதான் சீமாட்டியின் மௌனம் ஆரம்பிக்கிறது. இதைத்தான் என் அத்தியாயத்தில் எழுதியிருந்தேன். நீங்கள் ஓரத்தில் ‘சினிமாக் கதை’ என்று எழுதித் திருப்பிக் கொடுத்தீர்கள். கொடுத்த அதே வாரம் மேடையில் ஏறி அதே சொல்லை என் தலையில் வைத்தீர்கள்.

புத்தகத்திலிருந்து என் பெயரை எடுத்துவிடச் சொல்லிச் சென்னைக்கு எழுதப் போகிறேன். படைப்புப் பகுதி முழுவதும் உங்களிடமே இருக்கட்டும். ஒத்தாசை செய்தவளுக்கு அட்டையில் என்ன வேலை?

பெருநாளைக்குப் பால் சேமியா காய்ச்சினேன். உங்களுக்கென்று தனியாக வைத்திருக்கும் பாத்திரத்தில்தான் காய்ச்சியிருக்கிறேன், இறக்கி வைத்த பிறகுதான் கவனித்தேன். இவர் கேட்டார், “இத யாரு கொண்டு போயி குடுக்கப் போறா?” யாரும் கொண்டுவரவில்லை. நாங்களே குடித்தோம்.

நூர் நிஷா


மாட்டுங்கா
22 ஜூன் 2024

நூரு,

ஒரே ஒரு வார்த்தை. அதற்காகப் பெயரை எடுக்கிறாளாம், பெயரை!

மைக்கைக் கையில் கொடுத்தால் எனக்கு நாக்கு புரளாது என்பது உனக்குத் தெரியாதா? இன்சூரன்ஸ் ஆபீஸில் நான் ஓய்வு பெற்ற நாளில் மேனேஜர் பெயரையே மாற்றிச் சொல்லிவிட்டு வந்தவள். வாயில் வந்ததைச் சொன்னேன். நல்ல மனதோடுதான் சொன்னேன். இதைப் போய் நூற்றைம்பது வருஷத்துக்கு முன்னால் செத்துப்போன ஒரு வெள்ளைக்காரியோடு கொண்டுபோய் முடிச்சுப் போடுகிறாயே.

சரி, முடிச்சுப் போட்டாய், நானும் கேட்கிறேன். ஆதாரம் எங்கே? ஹேரியட் பெல் ஏன் ஊரைவிட்டுப் போனாள் என்று எங்காவது எழுதியிருக்கிறதா? அவள் அண்ணனுக்கு வேறு ஊரில் தேவாலயப் பணி கிடைத்தது, வீட்டைப் பார்த்துக்கொள்ள அவளையும் கூட்டிக்கொண்டு போனான். அந்தக் காலத்தில் கல்யாணம் ஆகாத தங்கைகளின் தலைவிதி அதுதான். கடைசி நாவல் எப்படி வந்தது என்பதற்கும் நீ எழுதியிருந்தாய்: ஹேரியட் மனம் மாறித் திரும்பி வந்தாளாம், சீமாட்டி அழுதாளாம், மறுநாள் காலையில் மறுபடி எழுத உட்கார்ந்தாளாம். திரும்பி வந்தாள் என்று உனக்கு யார் சொன்னார்கள்? நான் ஓரத்தில் ‘சினிமாக் கதை’ என்று எழுதாமல் வேறு என்ன எழுதுவேன்?

உனக்கு இப்படியெல்லாம் தோன்றுவதால்தான் வாழ்வை நான் வைத்துக்கொண்டேன்.

இங்கே மழை பிடித்துக்கொண்டுவிட்டது. மார்க்கெட் பக்கம் முழங்கால் தண்ணீர். பூக்காரி உன்னை விசாரித்தாள். நான் யாருக்கென்று பதில் சொல்வது?

பின்குறிப்பு: வத்ஸன் பெங்களூரிலிருந்து வந்திருந்தான். இந்தக் கட்டிடத்தை இடித்துக் கட்டப் போகிறார்கள், எல்லோரும் காலி செய்ய வேண்டும். ஜூலை 21 அன்று என்னை அவன் வீட்டுக்குக் கூட்டிப்போகிறான். புதுக் கட்டிடம் எழும்பி நான் திரும்பி வருவதற்குள் நமக்கெல்லாம் என்ன வயதாகும் என்று அவனுக்குத் தோன்றவே இல்லை. சரி என்று சொல்லிவிட்டேன்.

சுப்புலக்ஷ்மி


கோவண்டி
29 ஜூன் 2024

அன்புள்ள சுப்பக்காவுக்கு,

மும்பையை விட்டுப் போகிறேன் என்பதைப் பின்குறிப்பில் எழுதுகிறவர் உலகத்தில் நீங்கள் ஒருவர்தான். கடிதத்தை முழுக்கப் படித்துக் கோபப்பட்டு, மடிக்கும்போதுதான் அந்த வரி கண்ணில் பட்டது. கோபத்தை எங்கே வைத்தேன் என்று பிறகு தேட வேண்டியிருந்தது.

தேடி எடுத்துவிட்டேன். ஆகையால் எழுதுகிறேன்.

வாயில் வந்ததைச் சொன்னேன் என்கிறீர்கள். இல்லை அக்கா. அன்றைக்கு முன் வரிசையில் உங்கள் ஓர்ப்படி உட்கார்ந்திருந்தார், பக்கத்தில் உங்கள் கட்டிடத்துக்காரர்கள் எல்லோரும். என்னைத் தோழி என்று சொல்வதற்கு வாயைத் திறந்தீர்கள், நான் பக்கத்திலிருந்து பார்த்தேன். அவர்களைப் பார்த்ததும் வாய் வேறு வார்த்தைக்குப் போய்விட்டது. ஆஷ்கோம் பிரபு விருந்துகளில் “என் மனைவிக்கு எழுத்து ஒரு பொழுதுபோக்கு” என்று சொல்வாராமே, அதை எழுதும்போது எத்தனை திட்டினீர்கள் அந்த மனிதரை. அவரும் முன் வரிசையைப் பார்த்துத்தான் சொல்லியிருப்பார்.

ஆதாரம் கேட்டீர்கள். வாழ்வில் எனக்கு ஆதாரம் இல்லை. படைப்பில் இருக்கிறது. அவருடைய முதல் ஆறு நாவல்களிலும் ஓர் அறை வருகிறது. கதை என்னவாக இருந்தாலும் அந்த அறை வந்துவிடும். ஒரு பெண் எதையாவது உரக்கப் படிப்பாள். இன்னொருத்தி தையல் வேலையோடு உட்கார்ந்து கேட்பாள். படிப்பது சரியில்லை என்றால் அவள் வாயைத் திறக்க மாட்டாள், ஊசி மட்டும் நின்றுவிடும். படிக்கிறவள் அந்த வரியை அடித்துவிட்டு மேலே போவாள். ‘மூன்றாவது அழைப்பு’ நாவலில் அந்த ஊசி ஒரே பக்கத்தில் எத்தனை முறை நிற்கிறது என்று நீங்களே சிரித்தீர்கள். அந்த ஊசிக்காரியை யாரைப் பார்த்து எழுதினார் என்று நினைக்கிறீர்கள்?

நானும் அப்படித்தான் உங்கள் எதிரில் உட்கார்ந்திருந்தேன். நீங்கள் படிப்பீர்கள். தமிழ் எங்கே இடறுகிறதோ அங்கே நான் தம்ளரைக் கீழே வைப்பேன். நீங்கள் கண்ணாடிக்கு மேலே பார்த்து, “என்னடி?” என்பீர்கள். அந்த “என்னடி”க்காக நான் எத்தனை ரயில் மாறி வந்திருக்கிறேன். எனக்கு அது வேண்டும் அக்கா. ஒத்தாசை என்ற பெயரில் வேண்டாம், அவ்வளவுதான்.

இவர் இதையெல்லாம் பார்த்துவிட்டுச் சொல்கிறார், “அந்த வெள்ளக்காரி வீட்டுச் சண்டைய நீ எதுக்கு நூரு இழுத்துப் போட்டுக்கிட்டு கெடக்கே? போயி ஒரு வாட்டி பாத்துட்டு வா. ஊருக்குப் போறவுகள.” இவருக்கு எல்லாமே எளிது. பட்டறையில் தோலை வெட்டித் தைத்த மனிதர், பிரிந்தால் மறுபடி தைக்கலாம் என்பார்.

ஒன்று கேட்க வேண்டும். புதன்கிழமை மாலை மருமகள் ஜோயா வந்து சொன்னாள்: “அம்மி, மாட்டுங்கா ஆன்ட்டிய ஸ்டேஷன் வெளியில பாத்தேன். ரிக்ஷா லைன்ல நின்னாங்க. அவங்க நம்பர் வந்துச்சு, ஏறல. வாபஸ் உள்ளே போயிட்டாங்க. கூப்பிட்டேன், கேக்கல.” அது நீங்கள்தானா? நீங்களாக இருந்தால் ஏன் வரவில்லை? நீங்கள் இல்லையென்றால் இந்தக் கேள்வியை விட்டுவிடுங்கள்.

சென்னைக்குக் கடிதம் எழுதி வைத்திருக்கிறேன். இன்னும் போடவில்லை.

நூர் நிஷா


மாட்டுங்கா
4 ஜூலை 2024

நூரு,

நான்தான்.

வெங்காய வடகம் வாங்க வந்தேன், துணி தைக்கக் கொடுக்க வந்தேன் என்று சொல்லலாம். அதற்கெல்லாம் கோவண்டி வரைக்கும் யார் வருவார்கள்? உன்னைப் பார்க்கத்தான் வந்தேன். செம்பூர் தாண்டும்வரை தைரியமாக இருந்தது. ஸ்டேஷனுக்கு வெளியே வந்ததும், நீ கதவைத் திறந்து “வாங்க சுப்பக்கா” என்று மரியாதையாகச் சொல்லி, டீ கொடுத்து, அனுப்பிவிடுவாயோ என்று பயம் வந்துவிட்டது. நீ சண்டை போட்டால் தாங்குவேன். மரியாதை கொடுத்தால் தாங்க மாட்டேன். அதனால் திரும்பினேன். உன் மருமகள் கூப்பிட்டது காதில் விழுந்தது. விழாத மாதிரி நடந்தேன்.

முன் வரிசையைப் பற்றி நீ எழுதியது சரி. இதற்குமேல் அதில் நான் என்ன சொன்னாலும் அழகு சேர்ப்பதாக ஆகிவிடும். என் ஓர்ப்படி நேற்று வந்திருந்தாள். “அந்த சாயபு டீச்சர் இப்போ வர்றதில்லையா?” என்று கேட்டாள். “அவ வெறும் டீச்சர் இல்லே, என் சிநேகிதி. ரெண்டு பேரும் சேர்ந்துதான் புஸ்தகம் எழுதறோம். நான் பண்ணின காரியத்துக்கு அவ வராம இருக்கா” என்றேன். அவள் காபியைக் குடிக்காமலேயே போய்விட்டாள். மேடையில் சொல்ல வேண்டியதைச் சமையலறையில் சொன்னதற்கு யாரும் மெடல் தரப் போவதில்லை. ஆனால் சொன்னேன் என்று உனக்குத் தெரிய வேண்டும்.

இப்போது முக்கியமான விஷயம். சென்னையிலிருந்து அச்சுப் பக்கங்கள் வந்துவிட்டன. பிழை திருத்தி அனுப்ப வேண்டும். திங்கட்கிழமை உட்கார்ந்தேன். எப்போதும் போல உரக்கப் படித்தேன். என் அத்தியாயம்தான், கணவன் தடுத்தான், அவள் நிறுத்தினாள் என்கிற அந்த அத்தியாயம். இரண்டு பக்கம் போனதும் நிமிர்ந்து, “என்னடி?” என்று கேட்டேன். எதிரில் யாரும் இல்லை. யாரும் எதையும் கீழே வைக்கவில்லை. நான் படிப்பது சரியா தப்பா என்று எனக்கே தெரியவில்லை. மறுபடி படித்தேன். ஒவ்வொரு வரியும் நன்றாக இருப்பது போலவும் இருந்தது, ஒன்றுகூட உருப்படி இல்லாதது போலவும் இருந்தது. பேனாவை மூடிவிட்டேன்.

செவ்வாயும் உட்கார்ந்தேன். முடியவில்லை. புதனும் அப்படியே. சமையல் குறிப்பு ஒன்று எழுதிப் பார்க்கலாமே என்று எழுதினேன், அதுவும் வரவில்லை. வத்ஸன் போனில், “அம்மா, நீதானே எப்பவும் எழுதுவே, இதென்ன பெரிய விஷயம்?” என்கிறான். அவனுக்கு என்ன தெரியும்? நான் எழுதியதெல்லாம் நீ கேட்பாய் என்று எழுதியது. கேட்க ஆள் இல்லாவிட்டால் எழுத்து எங்கிருந்து வரும்? எந்தக் கணவனும் என்னைத் தடுக்கவில்லை. இருந்த ஒரு மனுஷரும் போய்ச் சேர்ந்து எத்தனையோ வருஷம் ஆகிவிட்டது. யாரும் தடுக்காமலேயே நான் நின்றுவிட்டேன்.

ஆதாரம் எங்கே என்று உன்னை அதட்டினேன் அல்லவா? நானே ஆதாரம். உன் அத்தியாயம்தான் சரி. என்னுடையதைத் திரும்ப அனுப்பச் சொல்லிச் சென்னைக்கு எழுதிவிட்டேன். உன்னுடையதை எங்கே வைத்திருக்கிறாய்?

உன்னை எனக்குத் தேடுகிறது நூரு. செவ்வாய்க்கிழமை மட்டும் என்று இல்லை. காலையில் பால் பொங்கும்போது தேடுகிறது, ரேடியோ போட்டால் தேடுகிறது. இந்த வீட்டை விட்டுப் போவதுகூட எனக்குப் பெரிதில்லை. நீ வராத வீடாகவே இதை விட்டுப் போகிறேனே என்பதுதான் பெரிது. இந்த வயதில் இப்படி ஒரு கடிதம் எழுதுவேன் என்று யாராவது சொல்லியிருந்தால் சிரித்திருப்பேன்.

ஹேரியட் எப்படித் திரும்பி வந்தாள் என்று எழுதியிருந்தாயே, அந்தப் பக்கத்தை மட்டுமாவது அனுப்பு. படித்துப் பார்க்க வேண்டும். முன்பு சரியாகப் படிக்கவில்லை.

உன்
சுப்பு


கோவண்டி
9 ஜூலை 2024, செவ்வாய்

சுப்பக்கா,

அந்தப் பக்கத்தை என்னால் அனுப்ப முடியாது. அது தப்பு.

உங்கள் கடிதத்தைப் படித்துவிட்டு எனக்குத் தலைகால் புரியவில்லை. சுப்பக்கா என் அத்தியாயம் சரி என்று ஒப்புக்கொண்டுவிட்டார் என்று வீட்டில் எல்லோரிடமும் சொன்னேன். ஜோயா கேட்டாள், “அம்மி, அந்த ஹேரியட் எந்த வருஷம் திரும்பி வந்தாங்க?” திரும்பி வந்திருப்பார் என்றுதான் நினைத்தேன். வராமல் இருக்க முடியுமா என்று நினைத்தேன். ஜோயா போனை எடுத்துக்கொண்டு உட்கார்ந்தாள். அந்த நாட்டில் பழைய கல்லறைகளையெல்லாம் படமெடுத்துப் போடுகிறவர்கள் இருக்கிறார்களாம். ஹேரியட்டின் அண்ணனுக்குப் பணி கிடைத்த ஊரின் பெயர் உங்கள் பகுதியில் இருந்தது, அதைக் கொடுத்தேன். சனிக்கிழமை சாயங்காலம் போனை என் கையில் கொடுத்து, “ஸாரி அம்மி” என்றாள்.

பாசி படிந்த கல். ஹேரியட் பெல் என்ற பெயர், ‘இவ்வூர்ப் பள்ளியின் ஆசிரியை’ என்று ஒரு வரி, வருடம். பெரிதாக்கிப் பெரிதாக்கிப் பார்த்தேன். சீமாட்டியின் மௌனம் பாதிகூட முடியாத வருடம் அது. கடைசி நாவலை எழுத அவர் உட்கார்ந்தபோது ஹேரியட் மண்ணுக்குள் போய்ப் பல வருடம் ஆகியிருந்தது. புது ஊரிலேயே இருந்து, புதுப் பள்ளிக்கூடத்திலேயே பாடம் நடத்தி, அங்கேயே போய்ச் சேர்ந்துவிட்டார். ஆஷ்கோம் மாளிகைக்கு ஒரு நடை வந்ததாகக்கூட எங்கும் இல்லை.

நான் அழுதேன். இவர், “எப்பவோ மவுத்தானவங்களுக்கு இப்ப எதுக்கு அழுக?” என்றார். பிறகு என்னைப் பார்த்துவிட்டு டீ போட்டுக் கொடுத்தார்.

அதற்குப் பிறகு ‘அறுவடைக்குப் பின் வந்த மழை’யை எடுத்தேன். கடைசி நாவல். அதிலும் அந்த அறை வருகிறது, அக்கா. படிக்கிறவளும் இருக்கிறாள், தைக்கிறவளும் இருக்கிறாள். ஆனால் அந்த ஒரு நாவலில் மட்டும் ஊசி நிற்பதே இல்லை. ஹேரியட் திரும்பி வந்துவிட்டார், சீமாட்டியின் எழுத்தும் குறை இல்லாமல் ஆகிவிட்டது, அதனால்தான் ஊசி நிற்கவில்லை என்று நான் எழுதியிருந்தேன். எவ்வளவு சந்தோஷமாக எழுதினேன் அதை! இப்போது படித்தால் அந்த அறையில் இருக்கவே முடியவில்லை. படிக்கிறவள் வரிக்கு வரி நிறுத்தி நிறுத்திப் பார்க்கிறாள். ஊசி தன்பாட்டுக்கு ஓடிக்கொண்டே இருக்கிறது. இறந்துபோனவள் எப்படி நிறுத்துவாள்? சீமாட்டி அதைத் தெரிந்தேதான் எழுதியிருக்கிறார். நாம் இரண்டு பேரும் சேர்ந்து படித்தும் அது கண்ணில் படவில்லை.

அவர் ஒரு வண்டி ஏறிப் போய் ஹேரியட்டைப் பார்த்திருக்கலாம். ஹேரியட்டும் ஒரு வண்டி ஏறி வந்திருக்கலாம். சீமாட்டி பெரிய இடத்துப் பெண், நான் எப்படிப் போவது என்று ஹேரியட் இருந்துவிட்டார். ஹேரியட் ரோஷக்காரி, வரட்டும் பார்க்கலாம் என்று சீமாட்டி இருந்துவிட்டார். ஆளுக்கொரு பக்கம் நியாயம் இருந்தது. உங்களுக்கும் எனக்கும் இருப்பதுபோல.

ஆகவே உங்கள் அத்தியாயமும் தப்பு, என்னுடையதும் தப்பு. புதிதாக எழுத வேண்டும். அது வாழ்வா படைப்பா என்று பங்கு பிரிக்க வேண்டாம், சேர்ந்தே எழுதுவோம். சென்னைக்கு எழுதி வைத்திருந்த கடிதத்தைக் கிழித்துவிட்டேன். என் பெயர் அட்டையில் இருக்கட்டும், உங்கள் பெயரின் அளவிலேயே இருக்கட்டும். முன்னுரையில் எனக்கு நன்றி சொன்னீர்களென்றால் மறுபடி சண்டை வரும்.

இருபத்தோராம் தேதி நீங்கள் போய்விடுவீர்கள். தடுக்க மாட்டேன். பிள்ளை கூப்பிடுகிறான், போகத்தான் வேண்டும். பெங்களூரிலும் செவ்வாய்க்கிழமை வரும். போன் செய்யுங்கள், எடுப்பேன். நீங்கள் படியுங்கள், நான் தம்ளரைச் சத்தம் கேட்கிற மாதிரி கீழே வைக்கிறேன். அது எதிரில் உட்காருவது போல ஆகாது. தெரியும்.

நேற்று மழையில் ஹார்பர் லைன் நின்றுபோய், இன்று காலையில்தான் ஓட ஆரம்பித்திருக்கிறது. இந்தக் கடிதத்தைத் தபாலில் போட்டால் என்றைக்கு வந்து சேருமோ. அதனால் போடவில்லை. கையிலேயே கொண்டுவருகிறேன். நீங்கள் கதவைத் திறந்ததும் ஒன்றும் பேசாமல் இதை நீட்டுவேன், பேசினால் அழுதுவிடுவேன் என்பதால். கண்ணாடியைத் தேடி எடுத்துப் போட்டுக்கொண்டு, மெதுவாகப் படியுங்கள். நீங்கள் படித்து முடிக்கிறவரை நான் உட்கார்ந்திருப்பேன்.

படித்தாயிற்று அல்லவா? நிமிர்ந்து பாருங்கள்.

நூரு